'நாத்திகன்' என்றால் யார்? – ஒரு சொல்லின் பொருளும் புழக்கமும்



நம்மிடையே ஒரு சொல் ரொம்பச் சுலபமாகப் புழங்குகிறது. ஆயுத பூஜை அன்று ஒர்க்‌ஷாப்பில் லேத்துக்குச் சந்தனம், குங்குமம் வைக்கும்போது ஒருவன் கையைக் கட்டிக்கொண்டு ஓரமாக நின்றால், "விடுறா, அவன் நாத்திகன்" என்கிறோம். ஊரில் மாரியம்மன் நோம்பிக்கு வரி கொடுக்காமல் ஒருவர் இழுத்தடித்தால் அவரும் நாத்திகர். ஜாதகம் பார்க்காமல், சாதி பார்க்காமல் கல்யாணம் செய்துகொண்ட பக்கத்து வீட்டு அண்ணனும் நாத்திகர்தான்.

மூணு பேருக்கும் ஒரே பெயர். ஆனால் மூணு பேரும் ஒன்றா? முதல் ஆள் உண்மையிலேயே சாமி இல்லை என்கிறவனாக இருக்கலாம். இரண்டாவது ஆளுக்கு அந்த மாதம் கையில் காசு இல்லாமல் இருக்கலாம். மூன்றாவது அண்ணன் வருஷா வருஷம் சபரிமலைக்கு மாலை போடுகிறவராகவே இருக்கலாம்!

மெட்ராலஜி லேபில் 'கோ – நோ கோ கேஜ்' பார்த்திருப்பீர்கள். துளைக்குள் போகிறதா, போகவில்லையா என்று மட்டும் அது சொல்லும். துளையின் அளவு எத்தனை மில்லிமீட்டர் என்று சொல்லாது. 'நாத்திகன்' என்ற சொல்லை நாம் அந்த கேஜ் மாதிரிதான் பயன்படுத்துகிறோம். அளவு வேண்டும் என்றால் மைக்ரோமீட்டர் எடுக்க வேண்டும். இந்தக் கட்டுரையில் அந்த வேலையைத்தான் செய்யப் போகிறோம்.

சொல் பிறந்த கதை

'நாஸ்திக' என்பது வடசொல். 'ந அஸ்தி' என்றால் 'இல்லை' என்று பொருள். அதுவே தமிழில் நாத்திகம் ஆனது. 'அஸ்தி', அதாவது 'உண்டு' என்பதிலிருந்து வந்தது ஆத்திகம். இதுவரை சுலபம். எது இல்லை என்பதில்தான் சிக்கல்.

பாணினியின் இலக்கணச் சூத்திரத்திலேயே இந்த இரண்டு சொற்களும் வந்துவிடுகின்றன. அதற்கு உரை எழுதியவர்கள் 'மறு உலகம் இல்லை' என்று நினைப்பவனே நாத்திகன் என்றார்கள். மனுவின் நூலோ, வேதத்தை இகழ்கிறவன் நாத்திகன் என்றது. இரண்டிலும் கடவுள் பேச்சே இல்லை என்பதைக் கவனியுங்கள்!

இதனால் ஒரு வேடிக்கை நடந்தது. சாங்கியமும் பழைய மீமாஞ்சையும் உலகைப் படைத்த ஒரு கடவுள் வேண்டும் என்று சொன்னவை அல்ல. ஆனாலும் வேதத்தை ஒப்புக்கொண்டதால் அவை ஆத்திகக் கணக்கில் சேர்ந்தன. பௌத்தமும் சமணமும் தவம், நோன்பு, மறுபிறவி எல்லாம் பேசின. ஆனாலும் வேதத்தை ஏற்காததால் அவை நாத்திகக் கணக்கில் விழுந்தன. அன்றைய பொருளில், சாமி இல்லை என்றவன் ஆத்திகனாக இருக்கலாம். எறும்புக்கும் தீங்கு செய்யாத துறவி நாத்திகன் ஆகலாம்.

இது நம் நாட்டுக் கதை மட்டுமல்ல. ரோமாபுரி ஆட்சியில் ஆதி கிறிஸ்தவர்களையே 'கடவுள் இல்லாதவர்கள்' என்று குற்றம் சாட்டினார்கள். காரணம், அவர்கள் ரோமானியத் தெய்வங்களை வணங்க மறுத்தார்கள். ஆக, அந்தக் காலத்தில் இந்தச் சொல் பெரும்பாலும் எதிராளி நெற்றியில் ஒட்டிய சீட்டுதான்.

தமிழில் பழைய பெயர்கள்

"நாத்திகம் எல்லாம் நேத்து வந்ததுங்க" என்று பெரியவர்கள் சொல்வதுண்டு. அது சரியல்ல. மணிமேகலையில் 'சமயக் கணக்கர்தம் திறம் கேட்ட காதை' என்று ஒரு பகுதி இருக்கிறது. அதில் மணிமேகலை ஒவ்வொரு சமயத்தாரிடமும் போய் அவரவர் கொள்கையைக் கேட்கிறாள். அந்த வரிசையில் பூதவாதி என்பவனும் நிற்கிறான். நிலம், நீர் போன்ற பூதங்களின் சேர்க்கையால்தான் உணர்வு பிறக்கிறது, மறுபிறவி கிடையாது என்பது அவன் வாதம். சமணக் காப்பியமான நீலகேசியிலும் பூதவாதத்தோடு மோதும் ஒரு பகுதி உண்டு. சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியாரின் பரபக்கம், மற்ற மதங்களை மறுக்கத் தொடங்கும்போது முதலில் எடுத்துக்கொள்வது உலகாயதனைத்தான்.

இதில் ஒரு நல்ல பாடம் இருக்கிறது. பூதவாதி, உலகாயதன் என்ற பெயர்கள் அவன் எதை ஏற்றுக்கொள்கிறான் என்பதைச் சொல்கின்றன. நாத்திகன் என்ற பெயர் அவன் எதை மறுக்கிறான் என்பதை மட்டும் சொல்கிறது. எதிர்த்து எழுதியவர்களும் முதலில் அவன் வாதத்தை வரிசையாகச் சொல்லிவிட்டுத்தான் மறுத்தார்கள். வசையோடு நிறுத்திவிடவில்லை.

மதராஸில் ஒரு சங்கம்

நவீன காலத்தில் "ஆமாம், நான் கடவுளை நம்பவில்லை" என்று தானே முன்வந்து சொல்லும் ஆட்கள் 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் சென்னையில் தோன்றினார்கள். சென்னை லௌகிக சங்கம் என்பது அவர்கள் அமைப்பு. 1882 முதல் 1888 வரை 'தத்துவ விவேசினி' என்ற தமிழ்ப் பத்திரிகையை நடத்தினார்கள். ஆங்கிலத்தில் 'தி திங்கர்' நடத்தினார்கள்.

இவர்களுக்கு ஊக்கம் தந்தவர்களில் ஒருவர் இங்கிலாந்தின் சார்லஸ் பிராட்லா. அவர் 1880ல் நார்தாம்ப்டன் தொகுதியிலிருந்து பாராளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். ஆனால் உறுதிமொழிப் பிரச்சினை வந்தது. கடவுள் பெயரால் சத்தியம் செய்வதற்குப் பதிலாக, மனசாட்சிப்படி உறுதி கூற அனுமதி கேட்டார். விடவில்லை. திரும்பத் திரும்ப ஜெயித்து வந்து, 1886ல்தான் அவரால் சபையில் உட்கார முடிந்தது. 1888ல் அதற்கென்றே சட்டம் வந்தது.

எங்கேயோ நடந்த கதை என்று நினைக்காதீர்கள். நம் அரசியல் சட்டத்தின் மூன்றாம் அட்டவணையில் இரண்டு வழியும் உண்டு. அமைச்சர் ஆகிறவர் கடவுள் பெயரால் ஆணையிடலாம், அல்லது 'உளமார' உறுதி கூறலாம். தமிழ்நாட்டில் பதவியேற்பு நடக்கும்போதெல்லாம் டி.வி.யில் நாம் கேட்கும் அந்த ஒரு வார்த்தைக்குப் பின்னால் இத்தனை பெரிய சண்டை இருக்கிறது.

ஈரோட்டிலிருந்து வந்த பெயர்கள்

இனி நம் பக்கத்துக்கு வருவோம். ஜேடர்பாளையத்துக்கு வருகிற காவிரி ஈரோட்டைத் தாண்டித்தான் வருகிறது. இந்தச் சொல்லின் இன்றைய தமிழ்ப் பொருளும் ஈரோட்டிலிருந்துதான் வந்தது.

பெரியார் ஈ.வெ.ரா. 1879ல் ஈரோட்டில் பிறந்தவர். ஈரோடு தேவஸ்தானக் கமிட்டியின் தலைவராகவே இருந்தவர். 1925 மே 2 அன்று 'குடி அரசு' வார இதழை அங்கே தொடங்கினார். சுயமரியாதை இயக்கம் வளர்ந்தது. 1929ல் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாகாண மாநாட்டில் பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட வேண்டும் என்று தீர்மானித்தார்கள்.

அந்த இயக்கத்தார் தங்களுக்கு முதலில் வைத்துக்கொண்ட பெயர் நாத்திகர் அல்ல, 'சுயமரியாதைக்காரர்'. ஊர் ஜனங்கள் அதைச் சுருக்கி 'சூனா மானா' என்றார்கள். "அவங்க ஊட்டுல எல்லாரும் சூனா மானாங்க" என்று இன்றும் சில பாட்டிகள் சொல்வார்கள். அதில் கேலியும் உண்டு, கொஞ்சம் பயமும் உண்டு, ஒரு மரியாதையும் உண்டு.

அடுத்த பெயர் 'கருப்புச் சட்டை'. 1944 ஆகஸ்டில் நம் சேலத்தில் கூடிய மாநாட்டில்தான் நீதிக்கட்சி, 'திராவிடர் கழகம்' என்று பெயர் மாறியது. 1946ல் மதுரையில் கருஞ்சட்டைப் படை மாநாடு நடந்தது. அதற்குப் பிறகு சட்டையின் நிறமே கொள்கையின் பெயராகிவிட்டது. ஆனால் ஐயப்பனுக்கு மாலை போட்டவரும் கருப்புச் சட்டைதான்! நம்மூர் பஸ்சில் இரண்டு கருப்புச் சட்டைகள் பக்கத்து பக்கத்து சீட்டில் உட்கார்ந்து வருவதைப் பார்க்கலாம். ஒருவர் பம்பைக்கு, இன்னொருவர் பொதுக்கூட்டத்துக்கு!

மூன்றாவது பெயர் 'பகுத்தறிவாளர்'. இதே பெயரில் 1970ல் ஒரு கழகமும் தொடங்கப்பட்டது. இது மறுப்பை முன்னால் வைக்காமல், யோசிக்கும் முறையை முன்னால் வைக்கிறது. நடிகர் கமல்ஹாசன் போன்றவர்கள் தங்களை நாத்திகர் என்பதைவிடப் பகுத்தறிவாளர் என்று சொல்லிக்கொள்ள விரும்புவதற்கும் இதுதான் காரணம். நாத்திகர் என்பது ஆத்திகர் வைத்த பெயர், பகுத்தறிவாளர் என்பது தாமே வைத்துக்கொண்ட பெயர்.

இங்கே முக்கியமான விஷயம் ஒன்று. பெரியார் வழியில் கடவுள் மறுப்பு தனியாக நிற்கவில்லை. சாதி ஏன் இருக்கிறது என்று கேட்டால் சாஸ்திரம் என்றார்கள். சாஸ்திரம் ஏன் என்றால் மதம். மதம் ஏன் என்றால் கடவுள். செயினில் ஒரு கண்ணியை இழுத்தால் மற்றதும் வருகிற மாதிரி, அவர் கடைசிக் கண்ணி வரைக்கும் போனார். அதனால்தான் நம்மூரில் சாதி மறுத்துக் கல்யாணம் செய்தவரையும் நாத்திகர் என்று சொல்லும் பழக்கம் வந்தது. புரோகிதர் இல்லாமல் நடக்கும் சுயமரியாதைத் திருமணத்துக்கு அண்ணா ஆட்சியில் 1967ல் சட்டத் திருத்தம் கொண்டுவந்து, 1968 முதல் செல்லும்படி ஆக்கினார்கள்.

இந்தப் பேச்சு எல்லோருக்கும் இனிக்கவில்லை. 1971 ஜனவரியில் சேலத்தில் நடந்த மூடநம்பிக்கை ஒழிப்பு மாநாட்டு ஊர்வலம் ராமர் படம் தொடர்பாகப் பெரும் சர்ச்சையானது. அந்த ஆண்டுத் தேர்தலில் அதுவே பிரச்சாரமும் ஆனது. ஆனாலும் தி.மு.க. 184 இடங்களில் வென்றது. 2020 ஜனவரியில் ரஜினிகாந்த் ஒரு விழாவில் அந்த ஊர்வலத்தைப் பற்றிப் பேசியதும் மறுபடி பல நாள் விவாதம். 49 வருஷம் கழித்தும் சூடு ஆறவில்லை!

'புதிய நாத்திகர்' யார்?

இப்போது ஆங்கிலப் புத்தகங்களில் 'நியூ ஏதீஸ்ட்' என்று ஒரு சொல் அடிபடுகிறது. தமிழில் 'புதிய நாத்திகர்' என்கிறார்கள். 2006ல் 'வயர்ட்' என்ற அமெரிக்கப் பத்திரிகையில் கேரி உல்ஃப் எழுதிய கட்டுரைக்குப் பிறகு இந்தப் பெயர் பரவியது. சாம் ஹாரிஸ், ரிச்சர்ட் டாக்கின்ஸ், டேனியல் டென்னட், கிறிஸ்டோபர் ஹிட்சன்ஸ் என்ற நால்வர் 2004க்கும் 2007க்கும் இடையில் எழுதிய புத்தகங்கள் லட்சக்கணக்கில் விற்றன. 2001 செப்டம்பர் 11 தாக்குதலுக்குப் பிறகு மதத்தைப் பற்றி உரக்கப் பேசும் வேகம் வந்திருந்தது. மதத்தை மரியாதைக்காக விமர்சிக்காமல் விடக்கூடாது, அறிவியல் கேள்விகளை அதனிடமும் கேட்க வேண்டும் என்பது இவர்கள் நிலை. டாக்கின்ஸின் புத்தகம் தமிழிலும் வந்திருக்கிறது.

இந்தப் பெயரும் அவர்கள் தேடி வைத்துக்கொண்டதல்ல. அதற்கு முன் 2003ல் அமெரிக்காவில் இருவர் 'பிரைட்' என்று ஒரு புதுப்பெயரை உருவாக்கினார்கள். டாக்கின்ஸும் டென்னட்டும் அதை ஆதரித்து எழுதினார்கள். பிரைட் என்றால் பிரகாசம், புத்திசாலி. அப்படியானால் மற்றவர்கள் மங்கலா? என்று கேட்டார்கள். பெயர் ஒட்டவில்லை. சாம் ஹாரிஸ் 2007ல் ஒரு நாத்திகர் மாநாட்டிலேயே, இந்தப் பெயரே நமக்கு வேண்டாம் என்று பேசினார். ஜோசியத்தை நம்பாதவனுக்கு என்று தனிப் பெயர் உண்டா, இதற்கு மட்டும் எதற்கு என்பது அவர் வாதம்.

நம் பெரியார் தொண்டரும் இந்தப் புதிய நாத்திகரும் ஒன்றா? சாமி இல்லை என்பதில் ஒன்று. ஆனால் தொடங்கிய இடம் வேறு. அவர்களில் பலர் பரிணாமம், மூளை, சான்று என்று பல்கலைக்கழகத்திலிருந்து தொடங்கினார்கள். இங்கே, கோயில் தெருவில் நடக்கக் கூடாது, கிணற்றில் நீர் எடுக்கக் கூடாது என்ற தடையிலிருந்து தொடங்கினார்கள். அவர்கள் கேட்டது "இது உண்மையா?" இவர்கள் அதோடு சேர்த்துக் கேட்டது "இது நியாயமா?" ஆகவே ஒரு சொல்லை இறக்குமதி செய்து நம்மவர் மேல் அப்படியே ஒட்டினால் பாதிக் கதை விட்டுப்போகும்.

ஒரே டப்பாவில் போடாதீர்கள்

பட்டியலாகச் சொன்னால் புரியும்.

நாத்திகர் அல்லது கடவுள் மறுப்பாளர்: கடவுள் இல்லை என்கிறவர், அல்லது இருப்பதாக நம்பாதவர்.

அக்னாஸ்டிக்: "இருக்கா இல்லையா, எனக்குத் தெரியாது, தெரிந்துகொள்ளவும் வழியில்லை" என்கிறவர். 1869ல் தாமஸ் ஹக்ஸ்லி உண்டாக்கிய சொல் இது.

மதச்சார்பற்றவர்: அரசாங்கமும் மதமும் தனித்தனியாக இருக்க வேண்டும் என்கிறவர். தினமும் பூஜை செய்கிறவரும் மதச்சார்பற்றவராக இருக்கலாம். 'செக்யூலரிசம்' என்ற சொல்லை 1851ல் வழக்கில் விட்டவர் இங்கிலாந்தின் ஹோலியோக்.

மூடநம்பிக்கை எதிர்ப்பாளர்: பேய், பில்லி சூனியம், போலிச் சாமியார் இவற்றைச் சோதித்துப் பார்க்கிறவர். இலங்கையில் யாழ்ப்பாணத்திலும் கொழும்பிலும் ஆசிரியராக இருந்த ஏ.டி.கோவூர், தெய்வீக சக்தியைச் சோதனையில் காட்டுபவருக்கு ஒரு லட்சம் ரூபாய் தருவதாக 1963ல் சவால் விட்டார். 1978ல் அவர் இறக்கும்வரை யாரும் அந்தப் பணத்தை ஜெயிக்கவில்லை. கோவை போத்தனூரில் இருந்த பி.பிரேமானந்த், சாமியார்கள் காற்றில் விபூதி எடுக்கும் வித்தையைத் தானே செய்து காட்டி விளக்கினார். இந்த இருவரும் நாத்திகர்களே. ஆனால் போலிச் சாமியாரைப் பிடிக்காத பக்தர்களும் ஏராளம்.

கடைசியாக, சும்மா கோயிலுக்குப் போகாதவர். அவருக்கு ஞாயிற்றுக்கிழமை தூக்கம் வேண்டும், அவ்வளவுதான். அவரை எந்தக் கொள்கையிலும் சேர்க்காதீர்கள்!

சொல்லின் விலை

இதெல்லாம் வெறும் வார்த்தை விளையாட்டு இல்லையா என்று கேட்கலாம். இல்லை.

பகத் சிங் 1930ல் லாகூர் சிறையில் 'நான் ஏன் நாத்திகன்' என்ற கட்டுரையை எழுதியது எதற்காக? அவருடைய நாத்திகம் திமிரால் வந்தது என்று நண்பர்கள் சிலர் பேசிக்கொண்டார்கள். அதற்குப் பதிலாகத்தான் எழுதினார். அடுத்த மார்ச்சில் தூக்கு. அந்தக் கட்டுரையைத் தமிழாக்கியதற்காக ஜீவா சிறை போனார். நாத்திகன் என்றால் திமிர் பிடித்தவன் என்ற அர்த்தம் இன்னும் நம் வாயில் இருக்கிறது.

மகாராஷ்டிரத்தில் மூடநம்பிக்கை ஒழிப்புக்கு உழைத்த டாக்டர் நரேந்திர தபோல்கர் 2013 ஆகஸ்ட் 20 அன்று புனேயில் காலை நடைப்பயிற்சியின்போது சுட்டுக் கொல்லப்பட்டார். 2015ல் கோவிந்த் பன்சாரேயும் கல்புர்கியும் கொல்லப்பட்டார்கள். நமக்குப் பக்கத்திலேயே, கோவையில், 2017 மார்ச்சில் திராவிடர் விடுதலைக் கழகத்தைச் சேர்ந்த ஃபாரூக் வெட்டிக் கொல்லப்பட்டார். கடவுள் மறுப்பைச் சமூக ஊடகத்தில் வெளிப்படையாக எழுதியவர். பெயர்ச் சீட்டை ஒட்டிவிட்டால், அதற்குப் பின்னால் ஒரு அப்பா, ஒரு மகன், ஒரு கூட்டாளி இருப்பது சிலர் கண்ணுக்குத் தெரிவதில்லை.

அரசியல் சட்டத்தின் 25ஆவது பிரிவு மனசாட்சிச் சுதந்திரம் தருகிறது. அது கும்பிடுகிறவனுக்கும் உண்டு, கும்பிடாதவனுக்கும் உண்டு. 1976ல் சேர்த்த 51ஏ பிரிவு, அறிவியல் மனப்பான்மையை வளர்ப்பது குடிமக்கள் கடமை என்கிறது. அதே சமயம், ஒரு மதத்தாரின் உணர்வை வேண்டுமென்றே, கெட்ட நோக்கத்தோடு புண்படுத்தினால் குற்றம் என்றும் சட்டம் சொல்கிறது. இரண்டு பக்கத்துக்கும் கைப்பிடி உண்டு, வேலியும் உண்டு.

இங்கே நாத்திக நண்பர்களுக்கும் ஒரு வார்த்தை. சாமி கும்பிடுகிற எல்லாரையும் 'முட்டாள்' என்று ஒரே சொல்லில் அடிப்பதும் அதே நோ கோ கேஜ்தான். அரியர் பேப்பருக்காக மகன் எழுதப்போகும் நாளில் ஒரு அம்மா வேண்டிக்கொள்கிறாள் என்றால் அது அறிவுக்குறைவு இல்லை, கவலை. பெரியார் கடுமையாகப் பேசியவர்தான். ஆனாலும் கூட்டத்தில் கடவுள் வாழ்த்துப் பாடும்போது முதுமையிலும் எழுந்து நின்றார் என்று பலர் எழுதியிருக்கிறார்கள். குன்றக்குடி அடிகளாரோடு நட்பாகவே இருந்தார். கொள்கை வேறு, மனிதர் வேறு என்ற கணக்கு அவருக்குத் தெரிந்திருந்தது.

முடிவாக

அடுத்த ஆயுத பூஜைக்கு ஒருவன் ஓரமாக நின்றால் "நாத்திகன்டா" என்று சொல்லி முடித்துவிடாதீர்கள். பக்கத்தில் போய்க் கேளுங்கள்: "எதைடா இல்லைங்கிற? சாமியவா, சடங்கவா, சாதியவா, இல்ல சந்தனம் வெச்சா மெஷின் நல்லா ஓடும்ங்கிறதையா?" நான்குக்கும் பதில் வேறு வேறாக இருக்கும். அவனும் உங்களைத் திருப்பிக் கேட்கட்டும்: "நீ எதை உண்டுங்கிற?" அதற்குப் பதில் சொல்ல நமக்கும் கொஞ்சம் யோசனை வேண்டியிருக்கும்.

பூஜை முடிந்ததும் பொரி, சுண்டல் கொடுக்கும்போது அவனுக்கும் ஒரு பங்கு எடுத்து வையுங்கள். அவன் சாப்பிடுவான், பசிக்கு ஆத்திகம், நாத்திகம் கிடையாது. மறுநாள் அதே லேத்தில் இரண்டு பேரும் சேர்ந்துதான் ஜாப் முடிக்க வேண்டும்.

– மூன்றாம் ஆண்டு இயந்திரவியல் மாணவன், ஜேடர்பாளையம்